மெக்சிக்கோ நடிகனின் தமிழ் வாய்

மெக்சிக்கோ நடிகன் ஒருவனுக்கு ஆறு வருடமாக நான்தான் தமிழ்க் குரல். அவன் முகத்தைப் பார்த்தாலே எனக்குக் குமட்டும். இளமையில் நடித்த படங்களில் சட்டைப் பொத்தானைத் திறந்துவிட்டுக் காதலித்தான். பிறகு தொலைக்காட்சி நாடகங்களில் அடுத்தவன் பெண்சாதியைக் கெடுத்தான். இப்போது தலைக்கு மை பூசிக்கொண்டு, பணக்கார அப்பாவாக வந்து கிழமைக்கு ஐந்து நாள் கண்ணைக் கசக்குகிறான். அவனுடைய மூச்சு, விக்கல், முத்தச் சத்தம் எல்லாம் என் வாயால்தான் வர வேண்டும். முத்தத்துக்கு என் புறங்கையையே உறிஞ்சுவேன்.

யாழ்ப்பாண நகரில் ஒரு கடைக்கு மேலே எங்கள் ஒலிப்பதிவு அறை. மின்விசிறியை நிறுத்திவிட்டு, வியர்வை வழிய நிற்க வேண்டும். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் முதலாளி.

"எங்கடை தமிழ் வேண்டாம் தம்பி. இந்தியாக்காரருக்கும் விளங்க வேணும்" என்பார். அதைச் சொல்வதே எங்கடை தமிழில்தான். 'வாறன்' என்றால் நிறுத்துவார், 'வர்றேன்' என்னும்வரை விடமாட்டார். வெட்கங்கெட்டு நானும் பழகிக்கொண்டேன். சந்தையில் மீன் வாங்கும்போதும் அந்தத் தமிழே முந்திக்கொண்டு வந்தது.

குருநகரில் என் அண்ணை இருந்தார். அப்பாவின் வள்ளத்தை என்னைக் கேட்காமல் விற்றுவிட்டார் என்று, கோயில் வாசலில் ஊர் பார்க்க அவரைக் கள்ளன் என்று ஏசியவன் நான். மூன்று வருடம் முகத்தில் முழிக்கவில்லை. கனடாவில் மகனோடு இருக்க ஒரேயடியாகப் போகிறார் என்று கேள்விப்பட்டதும் மன்னிப்புக் கேட்கப் போனேன். படலையைப் பாதி திறந்துகொண்டு நின்றார்.

"அண்ணே, உங்ககிட்ட கொஞ்சம் பேசணும்" என்றேன்.

மனம்விட்டுச் சொல்ல வருபவன் எங்கள் பக்கத்தில் 'கதைக்க வேணும்' என்பான். பேசுவதென்றால் ஏசுவது.

"பேசவோ? அண்டைக்குச் சனத்துக்கு முன்னாலை பேசினது உனக்குக் காணாதே?"

"இல்லை அண்ணை, கதைக்கத்தான் வந்தனான்."

"போற நேரத்திலை வந்து நடிக்காதை" என்று படலையைச் சாத்தினார். ஞாயிற்றுக்கிழமை விமானம் ஏறிவிட்டார்.

திங்கட்கிழமை அந்த மெக்சிக்கோக்காரன் தன் தமையனின் காலில் விழும் காட்சி. தமையன் அவனைத் தூக்கி அணைத்துக்கொண்டான். எனக்கு ஒரு பக்க வசனம். முதலாளி ஓரிடத்திலும் நிறுத்தவில்லை.

"இண்டைக்குத்தான் தம்பி நீர் உண்மையா அழுதனீர்" என்று தேத்தண்ணி எடுப்பித்துத் தந்தார்.

அண்ணைக்குப் போயிருக்க வேண்டிய அழுகை அது. அதை அந்த நடிகனுக்குக் கொடுத்துவிட்டு, தேத்தண்ணியையும் வாங்கிக் குடித்தேன். சீ, நானும் ஒரு மனிதனா!