ராகுகாலம் கழிந்து சேர்ந்தவர்

சாலைக் கடைத்தெருவில் சேனைக்கிழங்குக்குப் பேரம் பேசிக்கொண்டிருந்தபோது, எங்கள் ஆபீஸ் பியூன் கொச்சுகிருஷ்ணன் பக்கத்தில் வந்து நின்றான். "சாரே, நம்முடெ பிள்ளைச்சார் போயி. இன்னு வெளுப்பின்" என்றான். விடியற்காலையில் பிள்ளை இறந்துபோன செய்தி அது. கிழங்கை அப்படியே போட்டுவிட்டுக் கரமனையில் அவர் வீட்டுக்கு நடந்தேன். துக்கத்துக்கு முன்னால் வந்தது வெட்கம்தான். சங்கரலிங்கம் பிள்ளையைப் பற்றிப் பேச எனக்கு என்ன வாய் இருக்கிறது என்பது அவரை அறிந்த உங்களுக்குத் தெரியும். இருந்தும் நினைவு மலருக்கு என்னையே எழுதச் சொன்னீர்கள்.

எங்களுக்குள் நடந்த வழக்கை அறியாதவர்களுக்காகச் சொல்கிறேன். ஒரே உத்தரவில் எங்கள் இருவருக்கும் குமாஸ்தா உத்தியோகம் கிடைத்தது. அவர் சுசீந்திரத்துக்காரர், நான் கோட்டைக்குள் அக்ரகாரத்துப் பையன். ஹெட்கிளார்க் என் அத்திம்பேர், அக்காவின் கணவர். சேரப் போன நாள் வெள்ளிக்கிழமை. ஆபீஸ் திறந்ததுமே அத்திம்பேர் என்னைக் கையெழுத்துப் போடவைத்தார். சற்றுப் பொறுத்து, நெற்றி நிறைய விபூதியோடு பிள்ளை வந்தார். "பத்தரை ஆயிடுத்தே, ராகுகாலம் பொறந்துடுத்து. பன்னண்டுக்கு மேல கையெழுத்துப் போடுமேன். ஆயுசு பூரா பாக்கப்போற உத்தியோகம்" என்றார் அத்திம்பேர். பிள்ளை கும்பிட்டுவிட்டு வாசல் பெஞ்சில் போய் உட்கார்ந்தார்.

மத்தியானத்துக்கு மேல் சேர்ந்தவர் மறுநாள் சேர்ந்தவராகவே கணக்கு என்ற விதி அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. அத்திம்பேருக்குத் தெரியும். "சர்க்கார் உத்தியோகத்துக்கு ராகு ஏது, கேது ஏது" என்று வீட்டில் கேலி பேசுகிற மனுஷர் அவர்.

பல வருஷம் கழித்து ஒரு சூப்பரிண்டெண்ட் இடம் காலியாயிற்று. எங்களில் சர்வீஸில் மூத்தவருக்கு அது. மற்றவர் குமாஸ்தாவாகவே ஓய்வு பெற வேண்டியதுதான். ஒரு நாள் முந்திச் சேர்ந்தவன் என்று எனக்குக் கொடுத்தார்கள். பிள்ளை சர்க்கார் மேலும் என் மேலும் வழக்குப் போட்டார். ஒரே உத்தரவு, வயதில் தான் மூத்தவன் என்பது அவர் வாதம். போடுவதற்கு முந்தின நாள் என் மேஜைக்கு வந்து, "அய்யரே, நாளைக்கு உம்ம பேரும் பிராதுல இருக்கும். கோவிச்சுக்கிடாதேயும். கேக்க வேண்டிய எடத்துல கேட்டுட்டா, மனசுல வச்சு நோக வேண்டாம் பாரும்" என்றார்.

வாய்தா நாட்களில் வஞ்சியூர் கோர்ட்டுக்குச் சேர்ந்தே நடப்போம். மழை பெய்தால் வாதியின் குடைக்குள் பிரதிவாதி. அதைப் பார்த்து அவருடைய வக்கீல் தலையில் அடித்துக்கொண்டார்.

காலையிலேயே வந்தவர் ஏன் மத்தியானம் வரை சேரவில்லை என்பதில் வழக்கு வந்து நின்றது. மேலதிகாரி நிறுத்திவைத்தார் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், ஜெயித்துவிடலாம் என்றார் வக்கீல். அத்திம்பேர் அப்போது உயிரோடில்லை. நானே கூண்டில் ஏறிச் சொல்கிறேன் என்று பிள்ளையிடம் சொன்னேன். அவர் விடவில்லை. "உம்ம அக்கா கோயிலுக்குப் போற வழியில நாலு பேரு நின்னு பேசணுமா? சும்மா இரியும் வேய்." நானும் சும்மா இருந்தேன். இரண்டாம் தடவை வற்புறுத்தவில்லை. சத்தியம் செய்துவிட்டுப் பிள்ளை சொன்னார்: "யாரும் சொல்லல்ல. எனக்கு ராகுகாலம் பாக்குற பழக்கம். நானாத்தான் இருந்தேன்." வழக்குத் தள்ளுபடியாயிற்று.

மறுநாள் காலை ஃபைலோடு என் முன்னால் வந்து நின்றார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. "ஆபீஸ்ல நீங்க சார். ரோட்டுல அய்யரே." ஓய்வு பெறும் நாள் வரை இந்த இரண்டையும் அவர் மாற்றிச் சொன்னதே இல்லை. ஆபீஸில் அவர் "சார்" என்று கூப்பிடும்போதெல்லாம் ஃபைலைப் பார்த்துக்கொண்டேதான் பதில் சொல்வேன். முகத்தைப் பார்க்க முடிந்ததில்லை.

கரமனை வீட்டில், எடுப்பதற்கு நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ராகுகாலம் கழியட்டும் என்றார் உறவினர் ஒருவர். உள்ளேயிருந்து பிள்ளையின் மனைவி குரல் கொடுத்தார். "அதெல்லாம் வேண்டாம், எடுங்க. அவிய ஒருநாளும் ராகுகாலம் பாத்தவிய இல்ல."

அருகே போய், "அன்னிக்கு ஆபீஸ் வாசல்ல உக்காந்திருந்தாரேம்மா?" என்று கேட்டேன்.

"ஆபீஸ்ல பெரியவரு இருக்கச் சொல்லுகாரே, மொத நாளே எதுத்துப் பேசவான்னு இருந்தாவளாம். நம்பிக்கையெல்லாம் கெடையாது சாமி" என்றார்.

அவர் காலைத் தொட்டு வணங்க என்னால் முடியவில்லை; வாசலுக்கு வந்து நின்றேன். அத்திம்பேர் சொல்லாவிட்டாலும் ராகுகாலம் பார்த்து அவர் இருந்திருப்பார் என்று என்னைத் தேற்றிக்கொண்டு, பிள்ளை பொய் சொல்லி நான் கேட்டதில்லை என்று பலரிடம் சொல்லியிருக்கிறேன். கேட்டிருக்கிறேன், கோர்ட்டில், எனக்காகச் சொன்னதை. அவர் நினைவாக என்னிடம் ஒரு படம்கூடக் கிடையாது. சத்தியம் செய்துவிட்டு அவர் சொன்ன அந்த ஒரு பொய்தான் இருக்கிறது. அதன் மேல்தான் நான் சூப்பரிண்டெண்டாக உட்கார்ந்திருந்தேன்.