பேனரில் முளைத்த வேலை

தென்னூரில் தையல் கடை வைத்திருக்கும் நிஜாமுதீனின் மூத்த மகள் சம்ரீனுக்குக் கோபம் வந்தால் குரல் உயராது. கண்கள்தான் நிறையும். அந்தக் கண்ணீரைப் பார்த்து, இவள் பணிந்துவிடுவாள் என்று நினைத்தவர்கள் எல்லோரும் ஏமாந்தார்கள்.

கூட்டுறவுப் பயிற்சி முடித்து, கூட்டுறவு வங்கி உதவியாளர் தேர்வு எழுதினாள். எழுத்துத் தேர்வில் அவள்தான் முதலிடம். நேர்முகத் தேர்வு ஸ்ரீரங்கத்தில். பஸ் காவிரிப் பாலத்தைத் தாண்டி மாம்பழச்சாலையில் நின்றபோது ஒரு காதணி விழா பேனர் கண்ணில் பட்டது. சொந்தக்காரர்கள் அத்தனை பேரின் படமும், கீழே அவரவர் பதவியும். அதில் ஒரு முகம் அவளோடு பயிற்சியில் படித்த செந்தமிழன். கீழே, 'உதவியாளர், கூட்டுறவு வங்கி'.

அவனுக்கும் அன்றுதான் நேர்முகத் தேர்வு. சம்ரீனுக்குச் சிரிப்பு வந்தது. போட்டோ எடுத்து வகுப்பு வாட்ஸ்அப் குழுவில் போட்டாள்.

"என்னப்பா, உள்ள போறதுக்கு முன்னாடியே சீட்ல உக்காந்துட்டே?"

"மாமா பண்ணுன வேலை. அவர்கிட்ட யாரு பேசுறது?" என்று பதில் போட்டான் செந்தமிழன்.

முடிவு வந்த அன்று அவளுடைய சிரிப்பு நின்றது. நேர்முகத் தேர்வில் அவனுக்கு ஏறக்குறைய முழு மதிப்பெண். அவளுக்குப் பிச்சை போட்டதுபோல் ஏதோ கொஞ்சம். வேலை அவனுக்கு. மண்ணச்சநல்லூரில் அரிசி ஆலை வைத்திருக்கும் அவனுடைய மாமா அந்த வங்கியின் நிர்வாகக் குழுவில் இருக்கிறார் என்பது அப்போதுதான் தெரிந்தது.

அவள் தேடிப் போய்க் காட்டிய அந்த பேனர் போட்டோவைப் பார்த்த வழக்கறிஞர் லூர்துராணி மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார்.

"தப்ப எல்லாரும் மறைச்சுத்தாம்மா பண்ணுவாங்க. இவங்க பேனர் வச்சில்ல பண்ணியிருக்காங்க."

மதுரையில் உள்ள உயர் நீதிமன்றக் கிளையில் வழக்கு பதிவானது. சில வாரங்களில் செந்தமிழன் தையல் கடைக்கு வந்து நின்றான்.

"கேஸ வாபஸ் வாங்கு சம்ரீன். எனக்கு நிச்சயம் ஆயிடுச்சு. வேலை போச்சுன்னா பொண்ணு தர மாட்டாங்க. மாமா உனக்குத் தற்காலிகமா ஒரு வேலை போட்டுத் தர்றேங்கிறாரு."

நிஜாமுதீனின் கத்தரிக்கோல் நின்றது. "வாங்கிக்கம்மா. பெரிய இடத்துப் பொல்லாப்பு நமக்கு எதுக்கு?"

சம்ரீனின் கண்கள் நிறைந்தன. "அத்தா, நீங்க தச்ச சட்டைய இன்னொருத்தன் தச்சதா சொல்லிட்டு, உங்களுக்குப் பட்டன் தைக்கிற வேலை தர்றேன்னா வாங்கிப்பீங்களா?"

அவர் துணியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். "தம்பி, டீ சாப்பிட்டுட்டுக் கெளம்புங்க."

நீதிமன்றத்தில் வங்கியின் வழக்கறிஞர், சொந்தக்காரர்கள் ஆசையில் அப்படிப் போட்டுவிட்டார்கள் என்றார்.

"ஆசைக்கு முழு மதிப்பெண் போட்டது யார்?" என்று கேட்டார் நீதிபதி.

நேர்முகத் தேர்வு ரத்தானது. வெளியூர் அதிகாரிகள் கொண்ட புதிய குழு, எல்லோருக்கும் மறுபடி நடத்த வேண்டும் என்று உத்தரவு.

"ஜெயிச்சுட்டோம்மா. ஆனா கோர்ட்டு வேலை தராது. நீதான் திரும்பப் போய் உக்காரணும்" என்றார் லூர்துராணி.

போனாள். வராந்தாவில் செந்தமிழன் தலை குனிந்து நின்றான்.

"படிச்சிட்டு வந்தியா?"

"இன்னும் கிண்டல் பண்ற."

"இல்லப்பா. இந்தத் தடவை நெஜமாவே கேப்பாங்க."

பயிர்க்கடனைக் கேட்டார்கள், நகைக்கடனைக் கேட்டார்கள், கூட்டுறவுச் சட்டத்தைத் துருவித் துருவிக் கேட்டார்கள். கேட்கக் கேட்க அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

புதிய பட்டியலில் அவள் பெயர் இருந்தது. அவன் பெயர் இல்லை. அன்று இரவு அவனுக்காகவும் கொஞ்சம் அழுதாள்.

வேலையில் சேரப் போன காலையில், கிளை மேலாளர் அவளை ஏற இறங்கப் பார்த்தார்.

"கேஸ் போட்ட பொண்ணு நீங்கதானா?"

"ஆமா சார். நான் எந்த கவுண்டர்ல உக்காரணும்?"