ஹெஸ்டர் பிளாக்கெட் மீட்ட பாதை

அப்பர் விண்டில் கிராமத்தில் ஹெஸ்டர் பிளாக்கெட்டுக்குத் தெரியாத நாய் கிடையாது. இருபத்தாறு வருஷமாகத் தபால் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வீடு வீடாக ஏறி இறங்கியவள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கேட்டால், "ரெண்டு பேர் கேட்டாங்க. ரெண்டு பேருமே மெதுவா நடக்கிறவங்க" என்பாள்.

அவள் தினமும் நடந்த வழிக்குச் சவப்பாதை என்று பெயர். ஆற்றங்கரைச் சதுப்பில் மார்ஷ் எண்ட் என்று ஒன்பது வீடுகள். அங்கே யார் இறந்தாலும் பெரிய பங்களாவின் தோப்புக்குக் குறுக்கேதான் மேட்டிலிருக்கும் தேவாலயத்துக்குத் தூக்கி வருவார்கள். சாலையில் சுற்றினால் மூன்று மைல். பாதி வழியில் சவப்பெட்டியை இறக்கி மூச்சு வாங்க ஒரு தட்டைக் கல் உண்டு. அது எந்த ராஜா காலத்தில் போட்டது என்பதில் மதுக்கடையில் வருஷத்துக்கு ஒரு சண்டையாவது நடக்கும்.

1951இல் லண்டனிலிருந்து வந்த லாவிங்டன் பங்களாவை வாங்கினார். முதல் வேலையாகப் பாதையின் இரு முனையிலும் கதவு போட்டுப் பூட்டினார். வேட்டைக்காகத் தோப்பில் வளர்க்கும் பறவைகள் மிரள்கின்றன என்று காரணம் சொன்னார். அந்தக் குளிர்காலத்தில் மார்ஷ் எண்ட் கிழவர் ஒருவரின் உடல், கரி லாரியில் சாலையைச் சுற்றித் தேவாலயத்துக்குப் போனது. லாரிக்குப் பின்னால் மூன்று மைலும் ஹெஸ்டர் நடந்தே வந்தாள்.

மாவட்ட நிர்வாகம் பொதுப் பாதைகளுக்கு வரைபடம் தயாரித்துக்கொண்டிருந்த நேரம் அது. சவப்பாதையையும் சேர்க்கச் சொல்லி அவள் எழுதிப் போட்டாள். லாவிங்டன் ஆட்சேபித்தார். விசாரணை என்று முடிவானது.

அன்றிலிருந்து கடிதம் கொடுத்த கையோடு ஒரு கேள்வியும் கேட்டாள்: "உங்க வீட்டுல யாரை அந்த வழியா தூக்கிட்டுப் போனீங்க?" நாற்பத்து மூன்று பெயர்கள் சேர்ந்தன. ஒரே வீட்டில் மட்டும் கேட்கவில்லை. தோப்புப் பறவைகளைப் பார்த்துக்கொள்ளும் லாவிங்டனின் வேட்டைக்காவலர் ஆமஸ் டிட்காட்டின் வீடு. அந்த வீடே லாவிங்டனுடையது. வாயைத் திறந்தால் மனுஷன் தெருவில் நிற்க வேண்டியதுதான்.

மார்ச் மாதம் ஊர் மன்றத்தில் விசாரணை. அதிகாரி முன் ஹெஸ்டர் பெயர்களை நிதானமாக வாசித்தாள். ஒவ்வொரு பெயருக்கும் அவர்களின் உறவுக்காரர்கள் எழுந்து நின்றார்கள். கடைசிப் பெயர் வந்தபோது உட்கார்ந்திருந்தவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம்.

லாவிங்டனின் வக்கீல் அசரவில்லை. "மிஸ் பிளாக்கெட், பங்களாவோட பழைய முதலாளி தாராள மனசோட விட்டிருக்கார், அவ்வளவுதானே? அனுமதி வேற, உரிமை வேற." பிறகு தன் சாட்சியாக ஆமஸை அழைத்தார். "பழைய முதலாளி காலத்துல யாரும் அவரைக் கேட்காம உள்ள வர முடியாது. அப்படித்தானே?"

ஆமஸ் தொப்பியைக் கையில் சுருட்டிக்கொண்டு நின்றார். "என் பெண்டாட்டியை அந்த வழியாத்தான் தூக்கிட்டுப் போனோம். தொள்ளாயிரத்து முப்பத்தொண்ணுல."

"அனுமதி கேட்டீங்களா?"

"யாரும் கேட்கலைங்க. முதலாளி எதிர்ல குதிரைல வந்தார். இறங்கி, தொப்பியைக் கழட்டிட்டு, ஓரமா சேத்துல நின்னார். அப்புறம் என்கிட்ட சொன்னார், 'இது என் பாதை இல்ல ஆமஸ், நான் சும்மா பக்கத்துல குடியிருக்கேன்'னு."

வக்கீல் காகிதங்களைப் புரட்டினார். லாவிங்டன் ஆமஸைப் பார்க்கவில்லை. வெளியே வந்ததும் ஹெஸ்டர் ஆமஸிடம் போய், "உன்னை யாரு உண்மை பேசச் சொன்னது, மடையா? வீடு போச்சுன்னா என்ன பண்ணுவ?" என்றாள்.

"எல்லார் வீட்டுலயும் கேட்ட, என் வீட்டுல மட்டும் கேட்கல. அதான் கோபம்" என்றார் ஆமஸ்.

ஜூன் மாதம் ஒரு காலையில், மாவட்ட அலுவலக முத்திரையோடு இரண்டு உறைகள் அவள் பையில் இருந்தன. முதலாவது ஊர் மன்ற எழுத்தருக்கு. வாசலிலேயே பிரித்துப் படித்தவர், செருப்பில்லாமல் தெருவுக்கு ஓடினார். பாதை பொதுப்பாதை. கதவுகளை உடனே திறக்க உத்தரவு.

இரண்டாவது உறை லாவிங்டனுக்கு. ஹெஸ்டர் சாலைப் பக்கம் திரும்பவே இல்லை. பூட்டிய கதவின் மேல் ஐம்பத்தோரு வயதில் பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு ஏறிக் குதித்து, தோப்பு வழியே பங்களாவின் பின்வாசலுக்குப் போனாள்.

லாவிங்டன் கடிதத்தை இரண்டு முறை படித்தார். "இதுல என்ன இருக்குன்னு உங்களுக்குத் தெரியுமா?"

"அடுத்தவங்க கடிதத்தை நான் படிக்கிறதில்ல, சார்."

"எந்த வழியா வந்தீங்க?"

"வழக்கமான வழிதான்."

அவர் கடிதத்தை மடித்து உறைக்குள் வைத்தார். "டிட்காட் இல்லாம என் பறவை ஒண்ணு கூடப் பிழைக்காது. அந்த ஆளை நான் வெளியே அனுப்பப் போறதில்லன்னு ஊர்ல சொல்லிடுங்க" என்றார்.

"நீங்களே சொல்லுங்க சார். ஞாயித்துக்கிழமை எல்லாரும் உங்க ஜன்னலுக்கு எதிர்லதான் போவோம்."

அப்படியே போனார்கள், இருநூறு பேர். ஆமஸ்தான் ரம்பத்தால் பூட்டை அறுத்தார். மார்ஷ் எண்டின் ஒன்பது வீட்டாரும் முன்னால் நடந்தார்கள். அவர்களுக்கும் முன்னால், தபால் பை இல்லாத தோளோடு, யாராலும் எட்டிப் பிடிக்க முடியாத வேகத்தில் ஹெஸ்டர் போய்க்கொண்டிருந்தாள்.