துண்டுக்கு அடியில் பேசிய விலை

போன கார்த்திகை இருபத்திரண்டாம் தேதி, ஞாயிற்றுக்கிழமை, பகல் இரண்டேகால் மணி. மழை இல்லை, கணவாய்க் காற்று பாலக்காட்டுத் தெரு மண்ணை வாரி முகத்தில் அடித்தது. தியேட்டர் ஜன்னலில் எனக்கும் மனைவிக்கும் இரண்டு டிக்கெட்டுக்கு முந்நூறு ரூபாய் கொடுத்துவிட்டு, மச்சினன் இந்தப் படத்திலாவது இருப்பானா என்ற கவலையோடு உள்ளே போனேன்.

மச்சினன், என் மனைவியின் தம்பி, மும்பையில் நடிகன். முப்பத்து நாலு வருடமாக இந்திப் படங்களிலும் தொடர்களிலும் கான்ஸ்டபிள், கம்பவுண்டர், இட்லிக் கடைக்காரன். கதாநாயகனுக்குக் கதவைத் திறந்துவிடுவான். தொடராக இருந்தால் மூன்றாம் வாரம் செத்துப்போவான். அவனைப் பார்க்கவென்று எங்கள் ஊர் வேலந்தாவளத்திலிருந்து பஸ் ஏறிப் போன படங்களில் நான்கில் அவனே இல்லை. வெட்டிவிட்டார்கள். ஒவ்வொரு முறையும் என் மனைவி விளக்கு போட்ட பிறகும் எழுந்திருக்காமல், பெயர்கள் ஓடி முடியும்வரை உட்கார்ந்திருப்பாள். இந்தத் தடவை முந்தின நாளே போன் செய்தான். "மாமா, ஒரே ஒரு சீனுங்க. வெட்டாம உட்டிருந்தா எடவேளைக்கு முன்னாடி வருவனுங்க. இதும் போச்சுன்னா மூட்டையக் கட்டிட்டு ஊருக்கே வந்தர்றனுங்க." "வா மாப்ள, மாடு மேய்க்க ஆளில்லாமத்தான் கெடக்குது" என்றேன். சிரிப்பான் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை.

இடைவேளைக்குச் சற்று முன்னால் வந்தான். பஞ்சத்தில் காளையை விற்க வந்த கிழவன். எதிரே வியாபாரியாக, நாடு முழுவதும் தெரிந்த பெரிய நடிகர். வசனமே கிடையாது. மச்சினன் தோள் துண்டை எடுத்து இருவர் கையையும் மூடினான். எங்கள் சந்தையில் மாட்டு விலை பேசுவது அப்படித்தான். துண்டுக்கு அடியில் விரலைப் பிடித்தே விலை சொல்வார்கள். பக்கத்தில் நிற்பவனுக்குக்கூடத் தெரியாது. என் மாமனார் மாட்டுத் தரகர். அக்காளும் தம்பியும் சின்ன வயதில் பொரிகடலைக்கு அதே மாதிரி பேரம் பேசி விளையாடியவர்கள்.

அவன் முகத்தில் ஒன்றுமே இல்லை. துண்டு மட்டும் அசைந்தது. "ஏனுங்க, கையை இழுக்கறான் பாருங்க. குடுக்க மனசில்லீங்க அவனுக்கு" என்றாள் மனைவி. பிறகு துண்டின் மடிப்பு ஒன்று மெல்ல அடங்கியது. "குடுத்துட்டானுங்க." காளையைத் திரையில் காட்டவே இல்லை, ஆனாலும் அது கைமாறிப் போவதை நான் பார்த்தேன். பின்வரிசையில் அதுவரை கத்திக்கொண்டிருந்த பையன்கள் முன்சீட்டில் சாய்ந்து எட்டிப் பார்த்தார்கள். இத்தனை வருடம் பிறருக்குக் கதவு திறந்துவிட்ட கைக்குள் இவ்வளவும் இருந்திருக்கிறது.

இடைவேளையில் போன் போட்டேன். "வெட்டலீங்களா மாமா?" "வெட்டல மாப்ள." "அந்தப் பெரிய நடிகருக்கு வெரல் கணக்குத் தெரியாதுங்க. நான் நெசமாவே வெல பேசிட்டனுங்க. அவரு முழிச்ச முழிக்காகவே அப்படியே வெச்சுட்டாங்க" என்றான். "எவ்வளவுக்கு முடிச்சே?" "அக்காளைக் கேளுங்க."

"இன்னொருக்காப் பாத்தாத்தானுங்க தெரியும்" என்றாள் அக்காள்.

மாலைக் காட்சிக்கு மறுபடியும் அதே காற்று, அதே ஜன்னல், இன்னொரு முந்நூறு. படம் விட்டபோது கடைசி பஸ் போய்விட்டது; ஆட்டோக்காரன் எழுநூறு என்றான். வழியில் என் துண்டைக் கேட்டு வாங்கி, என் கையை மூடி, விரலைப் பிடித்து விலையைச் சொன்னாள். அதை நான் எழுதுவதற்கில்லை. எனக்கு ஆன செலவை மட்டும் சொல்கிறேன். வந்த பஸ், இரண்டு தேநீர் எல்லாம் சேர்த்து, ஆயிரத்து முந்நூற்று எண்பத்து நாலு ரூபாய்.