ஏழாவது கசட்

கமராப் பையுடன் ஒஸ்லோப் புறநகரில், ரொம்மனிலிருந்து ஹவுகன்ஸ்டுவாவிலுள்ள என் வீட்டுக்கு நடந்துகொண்டிருந்தேன். பஸ்ஸுக்கு நிற்க மனமில்லை. சற்று முன்புதான் இயக்குநர் அண்ணையின் வீட்டுக் கதவை அடித்துச் சாத்திவிட்டு இறங்கியிருந்தேன்.

நான் ஒளிப்பதிவு செய்த முதல் படம் அது. ஏழு கசட்டுகளை ஒரு பெட்டியில் கொடுத்திருந்தேன். அன்று எடிட்டிங்குக்கு அவர் பெட்டியைத் திறந்தபோது ஆறுதான் இருந்தன.

"ஏழாவது எங்கை?"

"எல்லாம் தந்தனான் அண்ணை. வீட்டிலை நிக்கிறவரைக் கேளுங்கோ."

அண்ணையின் வீட்டில் நின்றவர் சென்னையில் ஒளிப்பதிவு படித்தவர். விருந்தாளியாக வந்து ஒரு மாதமாகியும் போகவில்லை. என் இடத்தைப் பிடிக்கத்தான் தங்கியிருக்கிறார் என்று எண்ணினேன்.

"நான் எதுக்கு சார் எடுக்கப்போறேன்? மிச்ச ஆறையும் பார்த்தேன். எக்ஸ்போஷரே சரியில்ல" என்றார் அவர்.

"கலியாண வீட்டுக் கமராக்காரனெல்லே" என்று அண்ணை சிரித்தார்.

ஒன்பதாம் வகுப்போடு பள்ளியை விட்டவன் நான். ஊர் ஊராக அலைந்து ஒஸ்லோவுக்கு வந்து, மண்டபங்களில் படம்பிடித்துத்தான் தொழில் பழகினேன். உறைந்த ஏரியின் மேல் கதாநாயகி தனியே நடந்துபோகும் காட்சி அந்த ஏழாவதில் இருந்தது. என்னை ஒளிப்பதிவாளன் என்று சொல்ல அது ஒன்றுதான் சாட்சி. சென்னைக்காரர் அதை ஒளித்துவிட்டார் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

வீட்டுக்குள் நுழையவும் தொலைபேசி அடித்தது. ரொம்சோஸிலிருந்து ஒரு அம்மா. அவர் மகளின் பூப்புச் சடங்கை நான்தான் படம்பிடித்திருந்தேன். "தம்பி, மகளின்ர சாமத்திய வீட்டு டிவிடி எப்ப தருவியள்?"

அவருடைய கசட்டை எடுத்துப் போட்டேன். ஏரி. பனி. கதாநாயகி மூன்று அடி வைத்தாள். பிறகு ஆலாத்தித் தட்டோடு இரண்டு மாமிமார்.

சடங்குக் கசட்டுகளை டிவிடியில் ஏற்றியபின் புது லேபலை மேலே ஒட்டித் திரும்பப் பாவிப்பது எங்கள் வழக்கம். அதனால் கசட்டின் ஓரத்தில் இருக்கும், பதிந்தது அழியாமல் காக்கும் சின்னப் பூட்டை நான் ஒருநாளும் தள்ளியதில்லை. லேபலை உரித்தேன். அடியில் என் கையெழுத்தில் ஏழு. இதையும் பெட்டியில் வைத்ததாக நினைத்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

அண்ணைக்குப் போன் அடித்தேன். "நான்தான் அழிச்சுப்போட்டன்."

"பனி கரைய முதல் திரும்ப எடுக்கவேணும். காலமை வா. கமரா அவர் பிடிக்கட்டும். நீ பலகை பிடி."

அடுத்த நாள் காலை, ஏரிக்கரையில், கதாநாயகியின் முகத்துக்கு வெளிச்சம் திருப்பும் வெள்ளைப் பலகையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். காட்சி முடிந்து சென்னைக்காரர் கசட்டை வெளியே எடுத்தார். பூட்டைத் தள்ளுகிறாரா என்று அவர் விரலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.