மிஸ் ஸ்டெல்லாவின் மரத்தரை

போன வாரம் சிட்னியில் ஹாரிஸ் பார்க் கடைத்தெருவுக்கு மளிகை வாங்கப் போயிருந்தேன். புளி, பெருங்காயம், உறையவைத்த பரோட்டா எல்லாம் எடுத்துக்கொண்டு வரிசையில் நின்றால், கல்லாவுக்குப் பக்கத்தில் சாம்பிராணிப் பாக்கெட்டுகளை அடுக்கி வைத்திருந்தார்கள். அதில் ஒன்று கிழிந்து மஞ்சள் கட்டிகள் சிதறிக் கிடந்தன. பார்த்ததும் சிரிப்பு வந்தது. பின்னாலேயே பழைய எரிச்சலும் வந்துவிட்டது. கல்லாவில் இருந்த பெண் "வேணுமாக்கா?" என்றாள். எங்கள் ஆட்கள் கையில் இதைக் கொடுக்கும்போது யோசித்துக் கொடு அம்மா என்று சொல்ல வாய் வந்தது. அவளுக்கு என்ன புரியப் போகிறது? வேண்டாம் என்று தலையை ஆட்டிவிட்டு வந்தேன்.

உங்களுக்குச் சொன்னால் புரியும். நான் திருச்சியிலிருந்து அக்கவுன்டிங் படிக்க வந்த புதிது. நாலு பெண்கள் ஒரு வீட்டில், ஒரே குக்கரைச் சுற்றிக் குடித்தனம். சனிக்கிழமைகளில் ஏதாவது வேலை கிடைக்குமா என்று அலைந்தபோது, இதே கடைத்தெருவில் ஒரு கண்ணாடிக் கதவில் ஒட்டியிருந்த காகிதத்தைப் பார்த்தேன். நடன வகுப்புக்கு உதவியாள் தேவை, தமிழ் தெரிந்தால் நல்லது. சலங்கை எடுத்துக் கொடுக்கிற வேலை என்று நினைத்துக்கொண்டு, பட்டுச் சுடிதாரும் பெரிய பொட்டுமாகப் போய் நின்றேன்.

அது பாலே வகுப்பு. பாரமட்டாவிலிருந்து சில ஸ்டேஷன் தள்ளி, நகராட்சிக் கவுன்சிலுக்குச் சொந்தமான பழைய ஹால். உள்ளே ஒல்லியாக, கறுப்பாக, நரைத்த முடியை உச்சியில் இறுக்கிக் கொண்டை போட்ட ஓர் அம்மாள். மிஸ் ஸ்டெல்லா. என் முகத்தை அவர் பார்க்கவே இல்லை. காலைப் பார்த்தார்.

"நட."

நடந்தேன்.

"வாத்து மாதிரி நடக்குற. இந்த மாதிரி வெளிய திரும்புற காலுக்கு எத்தன புள்ளைங்க உயிரக் கொடுக்குதுங்க தெரியுமா? உனக்குப் போயி கெடச்சிருக்கு பாரு."

இதுதான் நேர்முகத் தேர்வு. நாற்காலிகளை ஓரமாக இழுத்துப் போடுவது, சிடி பிளேயரில் பாட்டு மாற்றுவது, சின்னக் குழந்தைகளின் ஷூ நாடாவைக் கட்டிவிடுவது என் வேலை. அந்தக் காலத்தில் பாலே என்றால் நுனிக்காலில் நிற்பது என்ற அளவுக்குத்தான் என் ஞானம். சங்கீத வித்வானிடம் போய் ரேடியோ பழுது பார்ப்பீர்களா என்று கேட்கிற ரகம் நான்.

மிஸ் ஸ்டெல்லா மலேசியாவில் கிள்ளான் ஊர்க்காரர். அப்பா ரயில்வேயில் இருந்தார். கான்வென்ட் பள்ளிக்கூடத்தில் ஒரு வெள்ளைக்கார அம்மாள் பொழுது போகாமல் சொல்லிக்கொடுத்த பாலே, இவருக்கு மட்டும் காலில் ஒட்டிக்கொண்டுவிட்டது. உதவித்தொகை கிடைத்து மெல்பர்ன் வந்து, படித்து, ஒரு பாலே கம்பெனியில் சேர்ந்தும்விட்டார். அங்கே அவருக்குக் கிடைத்த இடம் பின்வரிசை. வெள்ளை இறகு கட்டிய பெண்கள் வரிசையாக நிற்கிற காட்சிகளில் வரிசை ஒன்றுபோல் தெரிய வேண்டும் என்று கை, கழுத்து, முதுகெல்லாம் பவுடர் அப்புவார்களாம். கிறிஸ்துமஸ் சமயத்தில் போடும் பாலேயில் அரேபியப் பெண் ஒருத்தி வருவாள். அப்போது மட்டும் ஸ்டெல்லாவைத் தேடிப் பிடித்து, பவுடரைத் துடைத்துவிட்டு, இடுப்பில் பித்தளைச் சங்கிலி மாட்டி முன்னால் தள்ளுவார்களாம். கொட்டகையே கை தட்டும். ஜனவரி வந்தால் மறுபடி பவுடர், மறுபடி பின்வரிசை. முட்டி போகும்வரை அப்படித்தான் ஆடினார்.

இதையெல்லாம் அவர் சோகமாகச் சொன்னதில்லை. டப்பாவில் கொண்டுவந்த மீஹூன் சேமியாவை முள்கரண்டியால் சுற்றிக்கொண்டே, ஏதோ மளிகைக் கடைக்காரன் எடை குறைத்துக் கொடுத்ததைச் சொல்வதுபோலச் சொல்வார். அந்த மீஹூனில் எனக்கும் பாதி உண்டு. காரம் கண்ணில் நீர் வரவைக்கும். இன்றைக்கும் அதுபோல ஒன்று எனக்குச் செய்ய வரவில்லை.

முட்டி போனபின் சிட்னிக்கு வந்து ஆசிரியை ஆனார். ஹால் ஹாலாக ஏறி இறங்கிக் கடைசியில் இதைப் பிடித்தார். காரணம் தரை. பழைய காலத்துப் பலகைத் தரை, கீழே கட்டைகளின் மேல் தொங்கலாக நிற்பது. குதித்தால் உள்வாங்கிக் கொஞ்சம் தூக்கிக் கொடுக்கும். சிமென்ட் தரையில் அவர் கால்மணி நேரம் நின்றால் முட்டி வீங்கிவிடும். இந்தத் தரையில் நாள் முழுக்க நின்று சொல்லிக்கொடுப்பார். இந்த ஹால் போனால் வகுப்பு போயிற்று, வகுப்பு போனால் எனக்கு என்ன லா இருக்கு என்று ஒருமுறை தன் மலேசிய 'லா' போட்டுச் சாதாரணமாகச் சொன்னார். கவுன்சில்காரர்கள் மலிவு வாடகைக்குக் கொடுத்திருந்தார்கள். ஏதாவது தகராறு வந்தால் எடுத்துக்கொள்வோம் என்றும் சொல்லியிருந்தார்கள். அதனால் தரையில் ஒரு கீறல் விழுந்தாலும் அவருக்கு மூச்சு நின்றுவிடும்.

இனி நம் பெற்றோர் கதைக்கு வருகிறேன். வகுப்பில் முக்கால்வாசி நம் பிள்ளைகள்தான். பாலே பிடித்து வந்ததுகள் மிகக் குறைவு. கிரேடு சர்டிபிகேட்டுக்காக, பள்ளிக்கூட விண்ணப்பத்தில் ஒரு வரி சேர்ப்பதற்காக, பக்கத்து வீட்டுப் பிள்ளை போகிறது என்பதற்காக வந்தவர்கள்தான் அதிகம். யாழ்ப்பாணத்து யோகா அன்ரி தன் மகளைக் கொண்டுவந்து சேர்த்தபோது சொன்ன காரணத்தை நான் மறக்க மாட்டேன்.

"பாலே பழகினா பிள்ளைக்குப் பரதத்தில அரைமண்டி வடிவா வரும் எண்டு சொல்லிச்சினம், மிஸ். வாற வருஷம் அரங்கேற்றம். அதுதான் கூட்டிக்கொண்டு வந்தனான்."

"இது கராஜ் இல்லம்மா, முட்டிய சர்வீஸுக்கு வுட்டுட்டு அப்புறமா வந்து எடுத்துக்கிட்டுப் போக" என்றார் மிஸ்.

அன்ரி அதையும் சம்மதம் என்றே எடுத்துக்கொண்டு, "ஓம் ஓம், எத்தினை மணிக்கு வந்து ஏத்துறது?" என்று கேட்டார். அவமானப்படுவதற்கும் கொஞ்சம் புத்தி வேண்டும் அல்லவா?

இவர்களுக்கெல்லாம் மேலே ராமநாதன் அங்கிள். எங்கள் தமிழ்ச் சங்கத்தின் செயலாளர், என் ஊர்ப் பக்கத்துக்காரர், மைக்கைக் கண்டால் விடமாட்டார். பொங்கல் விழாவில் மிஸ்ஸை மேடையேற்றி, "நம்ம மிஸ் வெஸ்டர்ன் பரதநாட்டியம் சொல்லித் தர்றாங்க" என்று அறிமுகம் செய்தார். கீழே இறங்கிவந்த மிஸ் என்னிடம் சொன்னது: "வெள்ளக்காரன் என்னைய வெள்ளையாக்குனான், இல்லாட்டி அரேபியாவாக்குனான். இவனுங்க பரதநாட்டியமாக்குறானுங்க. நான் ஆடுறத என்னான்னு பாக்க ஒருத்தனுக்கும் கண்ணு இல்ல."

இத்தனைக்கும் அங்கிள் கெட்டவர் இல்லை. எல்லாம் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருந்தவர், அவ்வளவுதான். கெட்டவர்களிடம் எச்சரிக்கையாக இருக்கலாம், இவர்களிடம் என்ன செய்வது?

அந்த வருஷம் சரஸ்வதி பூஜை சனிக்கிழமையில் வந்தது. சங்கம் வழக்கமாக எடுக்கும் ஹால் கிடைக்கவில்லை. அங்கிள் நேரே எங்கள் வகுப்புக்கு வந்தார். "ஒரு மணி நேரம்தான் மிஸ். உங்க கிளாஸ் முடிஞ்சதும் ஹால் சும்மாதானே இருக்கு? பிள்ளைங்களுக்கு ஒரு சரஸ்வதி பூஜை." மிஸ் தயங்கினார். பிறகு, தரையில் எண்ணெய் கூடாது, செருப்பு கூடாது, நெருப்பு கூடவே கூடாது என்று சொல்லி ஒத்துக்கொண்டார். அங்கிள் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினார். குத்துவிளக்குக்குள் பேட்டரி விளக்கு வைப்பதாக அவரே யோசனையும் சொன்னார்.

ஹாலின் மூலையில் ஒரு மரத்தட்டு இருக்கும். அதில் மஞ்சள் கட்டிகளும் பொடியுமாக ரோசின் கிடக்கும். பைன் மரத்துப் பிசின்தான். வயலின்காரர்கள் வில்லில் தேய்ப்பார்களே, அதே சாமான். வழுக்காமல் இருக்க, குழந்தைகள் ஆடுவதற்கு முன் அதில் ஏறி இரண்டு காலாலும் மிதித்துவிட்டுப் போவார்கள். வருஷக்கணக்காக எத்தனை பிள்ளைகளின் வியர்வைக் கால் அதில் இறங்கியதோ.

பூஜை நேரத்தில் மிஸ் பின்னால் இருந்த சின்ன அறையில் முட்டிக்கு ஐஸ் வைத்துக்கொண்டிருந்தார். நான் வாசலில் சுண்டல் கிண்ணங்களோடு போராடிக்கொண்டிருந்தேன். உள்ளே சரஸ்வதி படம், மாலை, புத்தகங்கள், பேட்டரி விளக்கு எல்லாம் தயார். புகை இல்லாமல் பூஜை களைகட்டவில்லை என்று அங்கிளுக்குத் தோன்றியிருக்கிறது. மூலையில் பார்த்தால் ஒரு தட்டு நிறையச் சாம்பிராணி! மிஸ் கிறிஸ்தவராக இருந்தும் எவ்வளவு நல்ல மனசு என்று அவர் மெச்சியதாக யோகா அன்ரி பிறகு சொன்னார். பார்பிக்யூ கரி யார் காரிலோ இருந்தது. அலுமினியத் தட்டில் அதை மூட்டி, நடுத்தரையில் வைத்து, பிள்ளைகள் மிதித்த ரோசினை இரண்டு கையாலும் அள்ளிக் கலைமகளுக்குச் சமர்ப்பித்துவிட்டார்.

ரோசின் எரிந்து பார்த்திருக்கிறீர்களா? டயர் எரிவதற்குத் தம்பி. கறுப்புப் புகை குபுகுபுவென்று மேலே போனது. அலாரம் அலறியது. பட்டுப்புடவைகளும் பாலே உடுப்பில் இருந்த குழந்தைகளும் இருமிக்கொண்டே வெளியே ஓடிவந்தார்கள். யாரோ சரஸ்வதி படத்தைக் காப்பாற்றிக்கொண்டு வந்தார்கள். உள்ளே நொண்டிக்கொண்டு ஓடியது மிஸ் ஒருவர்தான். ஐஸ் பையை அந்தத் தட்டின் மேல் கொட்டி அணைத்துவிட்டு, தரையைப் பார்த்தபடி நின்றார். தட்டு இருந்த இடத்தில் பலகை வட்டமாகக் கருகியிருந்தது. தீயணைப்பு வண்டி வந்தபோது அணைக்க ஒன்றும் மிச்சம் இல்லை.

பின்னாலேயே கவுன்சில் ஆள் வந்தார். ஹால் யார் பெயரில் இருக்கிறது என்று கேட்டார். எல்லோரும் மிஸ்ஸைப் பார்த்தார்கள். எரிந்தது யாருடைய பொருள் என்று கேட்டார். அங்கிள் தொண்டையைச் செருமிக்கொண்டு, மேடை ஆங்கிலத்தில், மூலைத் தட்டில் இருந்த அந்தப் பொருள் நடன வகுப்புக்குச் சொந்தமானது என்றார். ஒவ்வொரு சொல்லும் உண்மை. அதற்குமேல் ஒரு சொல்கூடச் சொல்லவில்லை. டாக்டர்கள், இன்ஜினியர்கள், பேங்க் மேனேஜர்கள், அத்தனை பேரும் புல்தரையில் நின்று சுண்டல் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். நடந்ததைச் சொல்ல நான்தான் முன்னே போனேன். பூஜைக்கும் சாம்பிராணிக்கும் ஆங்கிலம் தேடித் திக்கியதில் கவுன்சில் ஆள் என்னைத்தான் சந்தேகமாகப் பார்த்தார். "வுடு லா" என்றார் மிஸ். "இவனுங்களுக்காக இங்கிலீஷ வேற செலவு பண்ணாத."

ஹால் போய்விட்டது. பெற்றோர் யாரும் கவுன்சிலுக்கு ஒரு போன்கூடப் போடவில்லை. ஷாப்பிங் சென்டர் மாடியில் சுவர் முழுக்கக் கண்ணாடி வைத்த பாலே பள்ளிக்கு, பார்க்கிங் வசதியும் இருக்கிறது என்று சொல்லிக்கொண்டு, மொத்தமாக இடம்பெயர்ந்தார்கள். சங்கம் சும்மா இருக்குமா? அடுத்த விழாவில் மிஸ்ஸுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். அவர் வராததால் நாற்காலிக்குப் போர்த்திப் படம் எடுத்துக்கொண்டு, கொண்டுபோய்க் கொடுக்கச் சொல்லி என்னிடம் தந்தார்கள். மிஸ் அதை விரல் நுனியால் தூக்கிப் பார்த்தார். "இதுக்கு மேல நின்னு ஆட முடியுமா?"

ஹால் பறிபோன அடுத்த சனிக்கிழமை, கால் பழக்கத்தில் நான் அங்கே போய்விட்டேன். கதவில் பெரிய பூட்டு. பக்கத்தில் சக்கர நாற்காலி ஏற்றுகிற சரிவுப் பாதை. அதன் இரும்புக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, சிமென்ட்டில், மிஸ் ஸ்டெல்லா தனியாக நின்றிருந்தார். பாட்டு இல்லை. முட்டியை மடக்கி மெதுவாக இறங்கினார், எழுந்தார். ஒரு காலைப் பின்னால் தூக்கி, இன்னொரு கையை முன்னே நீட்டினார். அவரிடம் அத்தனை நாள் வேலை பார்த்தும் அவர் ஆடி நான் பார்த்தது அன்றைக்குத்தான். எனக்குப் பாலே தெரியாது. ஆனால் இவரைப் பின்வரிசையில் நிறுத்தியவர்களுக்கும் தெரியாது என்று அந்த நிமிஷம் தெரிந்துகொண்டேன். சிமென்ட்டில் அவர் கால் நடுங்கியது. அழுதுவிட்டேன், மறைப்பானேன்?

"வந்துட்டியா வாத்து? நாற்காலிய ஓரமாப் போடு" என்றார். அங்கே நாற்காலியே இல்லை.

அந்த வருஷக் கடைசியில் மெல்பர்னில் இருக்கும் தங்கை வீட்டுக்குப் போனார். ஆரம்பத்தில் போனில் பேசினோம். பிறகு ஒருநாள் அந்த நம்பரே இல்லை என்றது. ஹாலை இடித்து இப்போது அடுக்குமாடி எழுப்பிவிட்டார்கள். அந்தப் பலகைகள் எந்தக் குப்பைமேட்டுக்குப் போயினவோ. சரிவுப் பாதை இருந்த இடத்தில் குப்பைத் தொட்டிகள் நிற்கின்றன. யோகா அன்ரியின் மகள் அரங்கேற்றத்தோடு எல்லா ஆட்டத்தையும் நிறுத்திவிட்டாள். அவள் அரைமண்டி எப்படி வந்தது என்று நான் விசாரிக்கவில்லை.

நேற்று மேய்ஸ் ஹில் முருகன் கோயில் கார் நிறுத்தத்தில் ராமநாதன் அங்கிளைப் பார்த்தேன். தலை முழுக்க நரைத்துவிட்டது, குரல் மட்டும் மைக் குரல்தான். பேத்தி துள்ளிக்கொண்டே இருந்தாள். இந்தக் குழந்தை எந்நேரமும் நுனிக்காலில்தான் நிற்கிறது என்று பெருமையாகச் சொன்னார்.

"பாலேல சேக்கலாம்னு பாக்குறோம்மா. இந்த வெள்ளைக்காரப் பள்ளிக்கூடத்துல இவளைப் பின்னாடியே நிக்க வெச்சிடுறாங்க. நம்ம ஆளா யாராவது சொல்லித் தர்றவங்க இருக்காங்களா? உனக்குத் தெரியாம இருக்காதே?"

அவர் முகத்தையே பார்த்தேன். ஒரு கள்ளமும் இல்லை. சுத்தமாக மறந்திருந்தார்.

"இல்ல அங்கிள்" என்றேன். "நம்ம ஆள் யாரும் இல்ல."