லென்ஸை மறைத்தவர்

எங்கள் தீவில், ரோஷ் புவா என்ற ஊரின் சினிமாக் கொட்டகையில் படம் ஓட்டியவர் ஒல்லியான மனிதர். வலது உள்ளங்கை சூட்டில் கறுத்திருக்கும். படச்சுருளை இந்தியாவுக்குத் திருப்பி அனுப்பவேண்டும் என்பதால் வெட்டமாட்டார். வெள்ளைக்கார அதிகாரிகள் தடுத்த காட்சி வந்தால் ஒலியைக் குறைத்து, லென்ஸைக் கையால் மறைப்பார்.

ஒருநாள் படத்தின் நடுவே அழுத குழந்தையைத் தேற்ற எழுந்துபோய், மாடியில் அவர் படம் ஓட்டும் அறை வாசலில் நின்றேன். திரை இருண்டு மீண்டபோது, படத்தில் ஒரு தாய் பிள்ளையை விட்டுப் போயிருந்தாள். கீழே எல்லோரும் அவளை ஏசினார்கள்.

“எதை மறைச்சீங்க?”

“புருஷன் அடிச்சதை, மதாம். காட்டினா குடும்பம் கெட்டுடுமாம்.”

“பழி அவ மேல விழுதே.”

“விழுது. அந்த ஏச்சைத் தினமும் கேக்குறேன்.”

வீடு திரும்பும்போது என் கணவர், “அவளெல்லாம் ஒரு தாயா?” என்றார். மறைத்ததைச் சொன்னேன்.

“படத்துல இல்லையே,” என்றார்.

அந்த மனிதர் காட்டியிருந்தால் மட்டும் என் கணவர் நம்பியிருப்பாரா என்று இன்றும் யோசிக்கிறேன்.